தும்மல் வரியும் ஒரு தடையுத்தரவும்

அன்புள்ள மகனுக்கு,

இதனால் சகலமானவர்களுக்கும் தெரியப்படுத்துவது என்னவென்றால்: ஸ்ரீரங்கம் அடையவளஞ்சான் தெருவில் வசிக்கும் உன் தகப்பனாரின் இடது கடைவாய்ப் பல், நெடுங்காலம் அப்பழுக்கில்லாமல் (சொத்தை விழுந்திருந்ததை இங்கே குறிப்பிடத் தேவையில்லை) சேவை செய்துவந்த நிலையில், சென்ற செவ்வாய்க்கிழமை மாலை மணப்பாறை முறுக்கு ஒன்றை விசாரித்துக்கொண்டிருந்தபோது முன்னறிவிப்பின்றிப் பதவி விலகியது. இது குறித்துப் பல் டாக்டரிடம் அப்பீல் செய்யப்பட்டுள்ளது. அப்பீல் முடிவாகும் வரை, டப்பாவில் எஞ்சியுள்ள பதினோரு முறுக்குகளின் மீதான வசூல் நடவடிக்கைகள் யாவும் நிறுத்தி வைக்கப்படுகின்றன. உத்தரவிட்டவர் உன் அம்மா; எழுதியவன் உன் அப்பா.

சிரித்துவிட்டாய் அல்லவா? நல்லது. இந்தக் கடிதத்தில் சிரிப்பதற்கு இருப்பது பெரும்பாலும் அவ்வளவுதான். "ஊருக்குப் போனால் ரெண்டு வரி எழுதுப்பா" என்று ஸ்டேஷனில் கேட்டுக்கொண்டேன். நீயோ விற்பனை வரித் துறையிலேயே போய்ச் சேர்ந்துவிட்டு, நாலு பக்கம் எழுதியிருக்கிறாய். மூன்று பக்கம் வரை எனக்கு ஒரு குறையும் இல்லை. மெஸ் சாப்பாடு சகிக்கவில்லை, பக்கத்துக் கட்டில்காரன் குறட்டை விடுகிறான், எல்லாம் சரி. நாலாவது பக்கத்தில்தான் மாட்டிக்கொண்டேன். "அப்பா, இன்னைக்கு ட்ரெய்னிங்ல ஆளுக்கு ஒரு அனுபவம் சொல்லச் சொன்னாங்க. நீங்க பதினேழு வயசுல ஜப்தியை நிறுத்தின கதையைச் சொன்னேன். எல்லாரும் கை தட்டினாங்க. ஒரு கவனக்குறைவான கணக்குப்பிள்ளையால ஒரு குடும்பம் எப்படித் தெருவுக்கு வரப் பார்த்ததுன்னு எங்க லெக்சரர் அதையே பாடமா எடுத்துக்கிட்டார்." அந்த வரியை நான் எத்தனை தடவை படித்தேன் என்று உன் அம்மாவிடம் கேள். அவள் கொண்டுவந்து வைத்த காப்பி ஆடை படிந்து போயிற்று.

அந்தக் கதையை நான் உனக்கு எத்தனை முறை சொல்லியிருப்பேன்! நீ ஐந்து வயதில் காய்ச்சலாகக் கிடந்தபோது சொன்னேன். உன் அக்கா கல்யாணத்தில் சம்பந்தி வீட்டாரை உட்காரவைத்துச் சொன்னேன். முடிவெட்டுகிறவரிடம்கூடச் சொல்லியிருக்கிறேன், அவர் கையில் கத்தி இருந்ததால் பாதியில் விட்டுப் போக முடியவில்லை. நான் சொல்லிவந்த விதத்தை முதலில் முழுசாக இங்கே எழுதிவிடுகிறேன். பிறகு அதிலிருந்து ஒவ்வொன்றாக இறக்கி வைக்கிறேன்.

ஐம்பதுகளின் கடைசி. திருச்சி பெரிய கடைவீதியில் உன் தாத்தாவுக்குப் பித்தளைப் பாத்திரக் கடை. ஜனங்கள் பழைய பாத்திரத்தைக் கொண்டுவருவார்கள். எடை போடுவோம். அதே எடைக்குப் புதுப் பாத்திரம் கொடுத்துவிட்டுச் செய்கூலியை மட்டும் வாங்கிக்கொள்வோம். பெட்டியில் விழுவது கூலி மட்டுமே. ஆனால் அந்த வருஷம் வந்த அதிகாரி, கொடுத்த புதுப் பாத்திரத்தின் முழு விலையையும் விற்பனை என்று எழுதி வரி போட்டுவிட்டார். அவர் சட்டப்படி அவர் நியாயம் அவருக்கு. உன் தாத்தா வக்கீலைப் பிடித்து அப்பீல் போட்டார். ஆனால் அப்பீல் போட்டதனால் மட்டும் வசூல் நின்றுவிடாது என்று இப்போது உனக்குப் பாடமே நடத்தியிருப்பார்கள். அப்பீல் முடிகிறவரை வசூலை நிறுத்திவைக்கச் சொல்லித் தனியாக ஒரு மனு கொடுக்க வேண்டும், தடையுத்தரவு வாங்க வேண்டும், வந்த உத்தரவின் நகலை வசூல் செய்கிற ஆபீசில் கொண்டுபோய்க் காட்ட வேண்டும். வக்கீல் மனுக் கொடுத்தார். "ரெண்டு மாசம் ஆகும்" என்றார். உத்தரவுக்காகக் காத்திருந்தோம். உத்தரவுக்குப் பதில் ஒரு நாள் காலை ரெவின்யூ இன்ஸ்பெக்டர் வந்தார். கூடவே நாலு ஆள், ஒரு மாட்டு வண்டி, ஒரு தமுக்கு.

தமுக்கு அடித்ததும் கடைவீதியே கூடிவிட்டது. அண்டா, குண்டா, குத்துவிளக்கு என்று ஒவ்வொன்றாக எழுதி எழுதி வண்டியில் ஏற்றினார்கள். மறுவாரம் கல்யாணம் வைத்திருந்த ஒரு வீட்டின் சீர்ப் பாத்திரங்களும் பெண்ணின் பெயர் வெட்டி அங்கேதான் இருந்தன. பெண்ணைப் பெற்றவர், "ஐயா, அது எங்க பாப்பாவோடதுங்க, அதுல பேரு இருக்கு பாருங்க" என்று வண்டிச் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். அந்த நேரத்தில்தான் பதினேழு வயது வீரனாகிய நான் கணக்குப்பிள்ளையின் மேஜை டிராயரைக் குடைந்து, ரசீதுப் புத்தகத்துக்கு அடியில் அவர் பார்க்காமல் போட்டிருந்த தடையுத்தரவைக் கண்டுபிடித்தேன். வண்டிக்கு முன்னால் போய் நின்று, இன்ஸ்பெக்டரைப் பார்த்துக் கணீரென்று சொன்னேன்: "அப்பீல் முடியறவரைக்கும் இந்தப் பாத்திரமெல்லாம் எங்களுதும் இல்லை, உங்களுதும் இல்லை சார். இறக்கி வைங்க!" அவர் உத்தரவைப் படித்தார். ஆபீசுக்கு சைக்கிளில் ஆள் அனுப்பி விசாரித்தார். பிறகு ஏற்றிய அண்டாவெல்லாம் இறங்கியது. இதுதான் நீ கை தட்டல் வாங்கிய கதை.

இப்போது நான் விட்ட பாகம். எனக்கு அந்த வயதில் ஒரு வியாதி இருந்தது. கடைக்கு நாலு வீடு தள்ளி மாடியில் ஒரு டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட். அங்கே லோயர் கிரேடு படிக்கப் போனவன், போன வேலையை விட்டுவிட்டு சர்க்கார் உத்தரவு தயாரிக்க ஆரம்பித்தேன். கடைக்கு வரும் பழுப்பு உறைகளைப் பிரித்து, மேலே புதுச் சீட்டு ஒட்டி, உள்ளே ஆங்கிலத்தில் ஒரு நோட்டீஸ். பாத்திரத்தில் பெயர் வெட்டுகிற உளியால் ஒரு பித்தளை வில்லையில் எழுத்தைத் தலைகீழாக வெட்டி, வட்ட முத்திரையும் செய்து வைத்திருந்தேன். காலையில் தபால்காரர் போட்டுவிட்டுப் போன கட்டுக்குள் அதைச் செருகிவிட வேண்டியது. எடை போடுகிற ஆளுக்கு, அனுமதிக்கப்பட்ட நீளத்துக்கு மேல் மீசை வளர்த்ததற்காக நோட்டீஸ் போனது. பெயர் வெட்டுகிறவருக்கு, வெற்றிலைச் சாற்றால் நகராட்சிச் சுவருக்குச் சிவப்பு வர்ணம் அடித்ததற்குக் கூலி வழங்கி உத்தரவு போனது. என் மகத்தான படைப்பு கணக்குப்பிள்ளை சாம்பசிவம் ஐயாவுக்கு அனுப்பியது. அவர் மூக்குப்பொடி போடுகிறவர். போட்டால் தொடர்ந்து ஏழு தும்மல். "மேற்படி நபரின் ஆண்டுத் தும்மல்களை மதிப்பிட்டு ஏன் வரி விதிக்கக் கூடாது என்பதற்குப் பதினைந்து நாளில் காரணம் காட்டவும்." பாவம், அரை நாள் நம்பிவிட்டார். விஷயம் தெரிந்ததும் அவர் சிரித்த சிரிப்பில் பொடி டப்பி கவிழ்ந்தது. "தம்பி, கைத்தறிக்கு மாதிரி கைத்தும்மலுக்கும் தள்ளுபடி உண்டுங்களா?" என்று கேட்டார். கடையில் எல்லோருக்கும் என் கைவரிசை தெரியும். உன் தாத்தாவுக்கு மட்டும் தெரியாது. தெரிந்தால் தோலை உரித்துவிடுவார் என்று எல்லோரும் சேர்ந்து மறைத்தார்கள்.

சாம்பசிவம் ஐயாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். நான் உனக்குச் சொன்ன கதைகளில் அவர் ஒரு மறதிக்காரக் கிழவர். அப்படி இல்லை. திருவானைக்காவலிலிருந்து தினம் நடந்தே வருவார். பத்தொன்பது வருஷம் உன் தாத்தாவிடம் இருந்தவர். அவர் எழுதின பேரேட்டில் ஒரு அடித்தலைக்கூட நான் பார்த்ததில்லை. பழைய பாத்திரத்தின் எடையைத் தனிப் பத்தியில் எழுதும் வழக்கத்தைக் கொண்டுவந்தவரே அவர்தான். பின்னால் அப்பீல் எங்கள் பக்கம் தீர்ந்ததற்குக் காரணமே அந்தப் பத்திதான் என்று வக்கீல் சொன்னார். இரண்டு பெண்கள் கல்யாணத்துக்கு நின்ற வீடு அவருடையது.

ஜப்திக்குப் பன்னிரண்டு நாள் முன்பு, தபால் பிரித்துக்கொண்டிருந்தவர் ஒரு பழுப்பு உறையோடு என்னிடம் வந்தார். உன் தாத்தா வக்கீல் வீட்டுக்குப் போயிருந்தார். கடைப் பையன்கள் சுற்றி நின்றார்கள். "தம்பி, இந்தத் தடவை நான் ஏமாறமாட்டேன். வக்கீல் ரெண்டு மாசம்னாரு, ரெண்டு வாரத்துல உத்தரவு வந்து நிக்குது. உங்க வேலைதானே?" என்றார். வாங்கிப் படித்தேன். அப்பீல் முடிவாகும் வரை வசூல் நிறுத்தி வைக்கப்படுகிறது என்று எழுதியிருந்தது. நான் எழுதியது இல்லை. ஆனால் என்ன ஒரு நடை, என்ன ஒரு முத்திரை! என் முத்திரை இதற்குப் பக்கத்தில் தோசைக்கல் மாதிரி இருக்கும். இன்ஸ்டிட்யூட்டில் என்னோடு படித்த சேதுவுக்கு என் விளையாட்டுத் தெரியும். அவன்தான் என்னை மிஞ்சுவதற்காக அனுப்பியிருக்கிறான் என்று நினைத்தேன். அந்த இடத்தில் "நான் இல்லை, எனக்குத் தெரியாது" என்று சொல்லியிருக்கலாம். எல்லார் கண்ணும் என் மேல் இருந்தது. "எப்படி இருக்கு ஐயா?" என்றேன். "பிரமாதம் தம்பி! முதலாளிகிட்ட காட்டிடாதீங்க, பாவம், நிஜமா இருக்கக் கூடாதான்னு ஏங்கிடுவாரு" என்று சிரித்துக்கொண்டே என் கையில் கொடுத்துவிட்டுப் போனார். அடுத்தவன் செய்ததைத் திருடிப் புகழ் வாங்கினேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கடைசியில் திருடியது சர்க்காரிடம். அடுத்த உத்தரவை இதே நடையில் செய்யலாம் என்று டைப் நோட்டுக்குள் பத்திரமாக மடித்து வைத்தேன்.

இதையாவது ஒரு மடத்தனம் என்று தள்ளிவிடலாம். மூன்று நாள் கழித்து சேதுவைப் பிடித்து, "உன் உத்தரவு ஜோர்டா" என்றேன். "என்ன உத்தரவு?" என்றான். சத்தியம் செய்தான். அவனுக்கு அப்பீல் என்ற வார்த்தைக்கு எழுத்துக்கூட்டவே வராது என்பது அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது. அப்படியென்றால் அது நிஜ உத்தரவு. அப்போது ஓடிப்போய்க் கொடுத்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. கடை நாலு வீடுதான். ஆனால் கொடுத்தால் உன் தாத்தா, "எங்கேடா இருந்துச்சு இத்தனை நாளா?" என்று கேட்பார். மீசை, வெற்றிலை, தும்மல் எல்லாம் வெளியே வரும். நாளைக்குக் கொடுக்கலாம், தபாலில் மறுபடி செருகிவிடலாம், எப்படியும் ஆபீசுக்கும் ஒரு நகல் போயிருக்கும் என்று ஒவ்வொரு நாளும் ஒரு சமாதானம். நகல் போய்த்தான் இருந்தது. ஆபீசில் வேறொரு காகிதக் கட்டுக்குள் யாரும் பிரிக்காமல் கிடந்தது. ஒன்பது நாள், மகனே. தெரிந்தே ஒன்பது நாள். அந்த ஒன்பது நாளும் உன் தாத்தா கடையில், ராகுகாலத்தில் வந்துவிடக் கூடாதே என்று தபால்காரருக்காக வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் அவருக்கு எதிரே உட்கார்ந்து இட்லி தின்றேன்.

தமுக்குச் சத்தம் கேட்டபோது நான் மாடியில் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். கீழே எட்டிப் பார்த்தால் நம் கடை வாசல். நோட்டைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். சாம்பசிவம் ஐயாவின் டிராயர் பக்கம் நான் போகவே இல்லை. வண்டி கிளம்பத் தயாராகிவிட்டது. ஏற்றும்போது கல்யாண அண்டா ஒன்று நழுவி விழுந்து, வெட்டியிருந்த பெயரின் மேலேயே நசுங்கியிருந்தது. உன் தாத்தா கடைக்குள் கல்லாவுக்குப் பின்னால் தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தார். வாசலில் இருந்த அத்தனை பேருக்கும் அவரைத் தெரியும். அவர் யாரையும் பார்க்கவில்லை. எல்லாம் இறங்கி முடிந்து, வண்டி வெறுமையாகப் போன பிறகுதான் நிமிர்ந்தார். உத்தரவில் இருந்த தேதியைப் பார்த்தார். "பன்னெண்டு நாளுக்கு மேல ஆச்சு. இது எங்க இருந்துச்சு?" என்றார். அவர் கேட்டது என்னை.

"கணக்கு டிராயர்ல, ரசீதுப் புத்தகத்துக்கு அடியில" என்றேன்.

யோசித்துச் சொன்ன பொய் இல்லை. ஆனால் எவ்வளவு விவரமாக வந்து விழுந்தது பார், ரசீதுப் புத்தகம் வரைக்கும். சாம்பசிவம் ஐயா என்னைப் பார்த்தார். அவருக்கு எல்லாம் தெரியும். என் கையில் கொடுத்தவரே அவர். நான் தரையைப் பார்த்தேன். அவர் பொடி டப்பியை எடுத்தார், திறக்காமல் திரும்ப இடுப்பில் செருகிக்கொண்டார். "ஆமாங்க முதலாளி. நான்தான் நிஜம்னு நினைக்காம விட்டுட்டேன்" என்றார். பாதி நிஜம் அது. மீதிப் பாதியை எனக்காக விழுங்கினாரா, ஒரு பையனிடம் விளையாட்டாகக் கேட்டுவிட்டேனே என்ற வெட்கமா, இன்று வரை எனக்குத் தெரியாது. "நாளையிலேர்ந்து வராதீங்க" என்றார் உன் தாத்தா. பத்தொன்பது வருஷத்தில் அவர் சாம்பசிவம் ஐயாவைப் பார்த்துக் குரலை உயர்த்தியதில்லை. அன்றும் உயர்த்தவில்லை. ஐயா குடையை எடுத்துக்கொண்டு இறங்கிப் போனார்.

மறுநாள் அவர் மேஜையை ஒழிக்கச் சொல்லி என்னையே அனுப்பினார்கள். டிராயரில் ரசீதுப் புத்தகம் இருந்தது. அதற்கு அடியில், நூல் கோத்த ஒரு கட்டு. மீசை நோட்டீசிலிருந்து தும்மல் வரி வரைக்கும் நான் செய்த அத்தனை போலி உத்தரவுகளையும் தேதிவாரியாக, எண் போட்டு, ஃபைல் பண்ணி வைத்திருந்தார். மற்றவர்களுக்கு வந்ததைக்கூடக் கேட்டு வாங்கி வைத்திருக்கிறார். கடைசி எண்ணுக்கு அப்புறம் ஒரு வெற்றுத்தாள் கோத்திருந்தது. அதில் எண் மட்டும் போட்டிருந்தது. தடையுத்தரவை நான் திருப்பிக் கொடுப்பேன் என்று அதற்கு இடம் விட்டு வைத்திருந்தார் போலிருக்கிறது.

பிறகு அவரை நான் ஒரே ஒரு முறை பார்த்தேன், அறுபதுகளின் நடுவில். எனக்கு அப்போது வேலை கிடைத்துவிட்டது. சத்திரம் பஸ் ஸ்டாண்டிலிருந்து ஸ்ரீரங்கம் வரும் பஸ்ஸில் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். ஒரு அரிசி மண்டியில் பாதிச் சம்பளத்துக்குக் கணக்கு எழுதுவதாகச் சொன்னார். பெரிய பெண்ணுக்கு முடிந்துவிட்டது, சின்னதுக்கு இன்னும் பார்க்கிறோம் என்றார். "தம்பி, இப்பவும் டைப் அடிக்கிறீங்களா?" என்று கேட்டார். குத்திக் கேட்கவில்லை, சிரித்த முகம். அதுதான் தாங்கவில்லை. சொல்லிவிட வேண்டும் என்று வாயைத் திறந்தேன். "இங்க ஒரு வேலை இருக்குங்க ஐயா" என்று காவிரிப் பாலத்துக்கு முன்னாலேயே இறங்கிவிட்டேன். எனக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை. பாலம் முழுக்க நடந்தே வந்தேன். உன் தாத்தா கண்ணை மூடும்வரை அவரிடமும் சொல்லவில்லை. இப்போது நான் போய் அப்பீல் செய்ய இரண்டு பேரும் உயிரோடு இல்லை.

நீ இனி அந்த இன்ஸ்பெக்டரின் இடத்தில் நிற்கப் போகிறாய். கட்ட மாட்டேன் என்கிறவனும், கேட்டிருக்கிறேன், பதில் வரட்டும் என்கிறவனும் ஒன்றில்லை. இரண்டாமவன் உன் வாசலில் வந்து நின்றால், அவன் கையில் காகிதம் இல்லாவிட்டாலும், வண்டியைக் கூப்பிடுவதற்கு முன்னால் உன் ஆபீஸ் கட்டுகளை ஒரு தடவை பிரித்துப் பார். ஒரு சைக்கிள் அனுப்பு. எங்கோ ஒரு காகிதம் யாரோ ஒரு முட்டாளின் நோட்டுக்குள் கிடக்கலாம். தப்பாக வசூலித்ததைத் திருப்பிக் கொடுத்துவிடலாம். அடித்த தமுக்கைத் திருப்பி வாங்க முடியாது. அந்தக் கல்யாண வீட்டுக்காரர் நசுங்கின அண்டாவுக்குப் பதில் புதுசு வாங்கிப் போனார். ஆனால் அதற்கப்புறம் எங்கள் கடைப் படி ஏறவில்லை. இன்னொன்று: யாராவது ஒரு கணக்குப்பிள்ளை மேல் பழி விழுந்தால், அந்தப் பழியைச் சொன்னவன் யார் என்று முதலில் பார்.

முடிந்தால் உன் லெக்சரரிடம் போய், சாம்பசிவம் என்ற பெயரைச் சொல்லி, அவர் கவனக்குறைவானவர் இல்லை என்று சொல்லிவிடு. கை தட்டினவர்களிடமும் சொல். சொல்லும்போது இதையும் சேர்த்துச் சொல்லிவிடு, ஏனென்றால் இதை மட்டும் ஒளித்துவைத்து என்ன செய்யப் போகிறேன்? வண்டிக்கு முன்னால் நின்று கணீரென்று பேசினேன் என்றேனே, அதுவும் நான் இல்லை. ஓடி வந்த எனக்கு மூச்சு முட்டியது, கண்ணில் தண்ணீர், காகிதத்தை மட்டும் நீட்டினேன். பக்கத்தில் வந்து என் கையிலிருந்து அதை வாங்கி, மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்து ஒரு தடவை படித்துவிட்டு, "அப்பீல் முடியறவரைக்கும் இந்தப் பாத்திரமெல்லாம் எங்களுதும் இல்லை, உங்களுதும் இல்லை சார். இறக்கி வைங்க" என்று சொன்னவர் சாம்பசிவம் ஐயா. ஜப்தியை நிறுத்தினவர் அவர்தான். அடுத்த அரை மணியில் வேலையை இழந்தவரும் அவர்தான்.

நான் அன்றைக்கு இன்ஸ்பெக்டரிடம் பேசியது ஒரே ஒரு வார்த்தை. "சார்." அதுவும் பாதியில் விக்கிவிட்டது.

இப்படிக்கு,
உன் அப்பா